ஜேக் ஃபிஸ்க் கட்டிய வீடுகள்: கோலாலம்பூரிலிருந்து கிரைட்டீரியன் புளூ-ரே வட்டுகளுக்கு ஒரு மதிப்பீடு

அமெரிக்காவின் கிரைட்டீரியன் நிறுவனம் வெளியிடும் புளூ-ரே வட்டுகள், கோலாலம்பூரில் வசிக்கும் ஒருவர் கொடுக்கும் பணத்துக்குத் தகுமா என்ற கேள்விக்குப் பொதுப்படையாக விடை கூறுவது கடினம். வாங்குபவர் எதைத் தேடுகிறார் என்பதைப் பொறுத்து விடை மாறும். நான் தேடியது ஒரே ஒருவருடைய கைவேலையை. ஐம்பது ஆண்டுகளுக்கும் மேலாகத் திரைப்படங்களுக்கு வீடுகளையும் கோட்டைகளையும் ஊர்களையும் கட்டிக்கொடுத்து வரும் ஜேக் ஃபிஸ்க், டெரன்ஸ் மாலிக், டேவிட் லின்ச், பால் தாமஸ் ஆண்டர்சன், மார்ட்டின் ஸ்கோர்செசி போன்ற இயக்குநர்களுக்குத் தயாரிப்பு வடிவமைப்பாளராகப் பணியாற்றியவர். லின்ச்சின் முதல் முழுநீளப் படமான 'இரேசர்ஹெட்'டில் அவர் நடித்தும் இருக்கிறார். அவருடைய முக்கியமான படங்களில் பாதிக்கு மேற்பட்டவை கிரைட்டீரியன் பட்டியலில் இருப்பதால், அந்த வட்டுகளை வரிசையாகப் பார்த்தால் ஒரு கலைஞரின் தொழில் வாழ்க்கையை வீட்டிலிருந்தபடியே ஓரளவு முழுமையாகப் படித்துவிட முடிகிறது.

நான் உள்ளூர்த் தமிழ்த் தொடர்களுக்கும் மேடை நிகழ்ச்சிகளுக்கும் அரங்கம் அமைக்கும் தொழிலில் இருப்பவன். ஆகவே நட்சத்திரங்கள் ஒருவரையொருவர் பாராட்டிக்கொள்ளும் நேர்காணல்களில் எனக்கு அதிக நாட்டமில்லை. சுவர் எந்தப் பொருளால் எழுப்பப்பட்டது, அதன் பின்புறம் என்ன இருக்கிறது, நடிகர் கதவைத் திறந்தால் உள்ளே எதைக் காண்பார், கேமராவை எதிர்ப்பக்கம் திருப்பினால் படம் கெட்டுவிடுமா என்பனவே என் அக்கறைகள். நம்மூரில் தோட்டத்து லயத்து வீடு ஒன்றைத் தொடருக்காக அமைக்கும்போது மூன்று பிளைவுட் சுவர்களை நிறுத்தி, வெளிறிய பச்சை அடித்து, ஒரு மூலையில் பால் வாளியையும் எதிர்ச்சுவரில் சாமிப் படத்தையும் வைத்துவிட்டு வேலை முடிந்தது என்று சொல்லிவிடுவது வழக்கம். பட்ஜெட்டும் நேரமும் அதற்கு மேல் இடம் கொடுப்பதில்லை என்பது உண்மைதான். ஆனாலும் நாலாவது சுவர் இல்லாத வீட்டில் நடிப்பவர் எப்படி நிற்கிறார், எங்கே பார்க்கிறார் என்பதைக் கவனித்தவர்களுக்கு அந்தக் குறை எங்கே போய் முடிகிறது என்பது தெரியும். ஃபிஸ்க்கின் பணி முழுவதும் அந்த நாலாவது சுவரைப் பற்றியது என்றே நான் கருதுகிறேன். ஒரு வட்டு அதை எவ்வளவு தெளிவாகக் காட்டுகிறதோ அவ்வளவே அதன் மதிப்பு என்ற அளவுகோலைத்தான் இங்கே பயன்படுத்துகிறேன்.

வாங்குவோருக்குத் தேவையான நடைமுறைச் செய்திகளை முதலில் சொல்லிவிடுகிறேன். புளூ-ரே வட்டுகள் மூன்று மண்டலங்களுக்கெனப் பிரித்து விற்கப்படுகின்றன. அமெரிக்கக் கண்டங்களும் மலேசியா உள்ளிட்ட தென்கிழக்கு ஆசியாவும் ஒரே 'ஏ' மண்டலத்தில் அடங்குவதால், கிரைட்டீரியனின் அமெரிக்கப் பதிப்புகள் இங்கே விற்கப்படும் கருவிகளில் தடையின்றி ஓடும். அந்நிறுவனத்தின் இங்கிலாந்துப் பதிப்புகள் 'பி' மண்டலத்தைச் சேர்ந்தவை. இந்தியாவோ 'சி' மண்டலத்தில் இருக்கிறது. விலை சற்றுக் குறைவாக இருக்கிறதே என்று இங்கிலாந்துக் கடைகளில் வாங்கினாலும், சென்னையில் உள்ள உறவினருக்குப் பரிசாக அமெரிக்கப் பதிப்பை அனுப்பினாலும் அது வெறும் அலங்காரப் பொருளாகவே அலமாரியில் இருக்க நேரலாம். பழைய டிவிடி வடிவத்தில் இந்த வசதியும் கிடையாது, ஏனெனில் அமெரிக்கா 1-ஆம் மண்டலம், மலேசியா 3-ஆம் மண்டலம். 4கே வட்டுகளுக்கு மண்டலக் கட்டுப்பாடே இல்லை. புளூ-ரே கருவிகள் நம் கடைகளில் அருகிவிட்ட நிலையில், வட்டு செருகும் வசதியுள்ள பிளேஸ்டேஷன் 5 என்ற விளையாட்டுக் கருவி வீட்டில் இருந்தால் அதுவே போதுமானது. பிள்ளைகளிடமிருந்து அதை ஓர் இரவுக்குக் கடன் வாங்குவதுதான் சிரமம்.

வழக்கமான ஒரு புளூ-ரே பதிப்பின் பட்டியல் விலை 39.95 அமெரிக்க டாலர். அதனுடன் அஞ்சல் செலவையும், 2024 ஜனவரி முதல் 500 ரிங்கிட்டுக்கு உட்பட்ட இறக்குமதிப் பொருள்களை இணையத்தில் விற்கும் பதிவு பெற்ற விற்பனையாளர்கள் வசூலிக்கும் பத்து விழுக்காட்டு வரியையும் சேர்த்தால், தள்ளுபடி இல்லாத காலத்தில் ஒரு படத்துக்கான செலவு 200 ரிங்கிட்டை நெருங்கிவிடும். ஒரு காலத்தில் மஸ்ஜித் இந்தியாவிலும் பிரிக்பீல்ட்ஸிலும் தமிழ்ப்பட விசிடிகளைச் சில ரிங்கிட்டுக்கு அள்ளிக்கொண்டு வந்த தலைமுறைக்கு இது தலைசுற்றும் தொகை. படத்துக்கு ஆங்கில சப்டைட்டில் உண்டு. தமிழோ மலாயோ கிடையாது. படம் ஓடும்போதே கலைஞர்கள் அதைப் பற்றிப் பேசும் கருத்துரை ஒலித்தடங்களுக்கு ஆங்கில சப்டைட்டில்கூட இல்லாததால், அமெரிக்க உச்சரிப்பு பழகாதவர்கள் அவற்றைப் பின்தொடரச் சற்றே முயற்சி எடுக்க வேண்டியிருக்கும். இந்த விலையில் விற்கப்படும் பொருளில் இது கண்டிக்கத்தக்க குறை.

ஃபிஸ்க் 1945-இல் இல்லினாய் மாநிலத்தில் பிறந்தவர். வர்ஜீனியாவின் அலெக்ஸாண்ட்ரியா நகரில் பள்ளிப் பருவத்தில் டேவிட் லின்ச்சுடன் ஏற்பட்ட நட்பு, லின்ச் 2025 ஜனவரியில் மறையும் வரை நீடித்தது. இருவரும் ஓவியர்களாகவே வர விரும்பினார்கள். ஓவியர் ஆஸ்கர் கோகோஷ்காவிடம் பயிலலாம் என்று மூன்று ஆண்டுத் திட்டத்தோடு ஐரோப்பாவுக்குக் கிளம்பி, பதினைந்தே நாளில் திரும்பி வந்த கதையும் அவர்களுக்கு உண்டு. பின்னர் இருவரும் ஃபிலடெல்ஃபியாவில் பென்சில்வேனியா நுண்கலைக் கழகத்தில் படித்தார்கள். ஃபிஸ்க்கின் தங்கை மேரியை லின்ச் 1977-இல் மணந்துகொண்டதால் நண்பர்கள் மைத்துனர்களும் ஆனார்கள். இந்தச் செய்திகளைச் சொல்வதற்குக் காரணம், திரைப்படத்துக்குள் வருவதற்கு முன்பே கையில் தூரிகையும் களிமண்ணும் பழகியவர் ஃபிஸ்க் என்பதை அவருடைய ஒவ்வொரு படமும் காட்டிக்கொடுக்கிறது.

'பேட்லேண்ட்ஸ்' வட்டிலிருந்து தொடங்குவது முறை. 1973-இல் வெளிவந்த இந்தப் படம் மாலிக் இயக்கிய முதல் படம். ஃபிஸ்க் கலை இயக்குநராகப் பணியாற்றினார். கதாநாயகி சிஸ்ஸி ஸ்பேசெக்கை அவர் சந்தித்ததும் இந்தப் படப்பிடிப்பில்தான். அடுத்த ஆண்டே இருவருக்கும் திருமணம் நடந்தது. 2013-இல் வெளியான கிரைட்டீரியன் பதிப்பில் நாயகன் மார்ட்டின் ஷீன், ஸ்பேசெக், ஃபிஸ்க் மூவரும் பேசும் ஓர் ஆவணப்படம் இணைக்கப்பட்டிருக்கிறது. மாலிக் தம் படங்களைப் பற்றிப் பொதுவில் பேசாதவர் என்பதால், இந்த வட்டுகளில் இயக்குநரின் குரல் இருக்க வேண்டிய இடத்தைப் பெரும்பாலும் உடன் உழைத்தவர்களே நிரப்புகிறார்கள். எனக்கு அது நட்டமாகத் தோன்றவில்லை. இயக்குநர் பேசத் தொடங்கினால் தச்சு வேலையைப் பற்றிக் கேட்க யாருக்கு நேரம் இருக்கும்?

அந்தப் படத்தில் ஸ்பேசெக் ஏற்ற ஹாலி என்ற பெண்ணின் அறையில் இருந்த இழுப்பறைகளை, கேமரா ஒருபோதும் எட்டிப் பார்க்காது என்று தெரிந்திருந்தும், அந்த வயதுப் பெண்ணொருத்தி சேர்த்து வைத்திருக்கக்கூடிய பொருள்களால் ஃபிஸ்க் நிரப்பி வைத்திருந்தார். நடிகை எதேச்சையாக இழுப்பறையைத் திறந்து பார்த்தபோது அந்தப் பாத்திரத்தின் வாழ்க்கை அதற்குள் இருந்ததாம். ஸ்பேசெக் இதைப் பல ஆண்டுகளாகச் சொல்லி வருகிறார். நம் தொழிலில் இதைப் பணவிரயம் என்பார்கள். ஆனால் இழுப்பறையில் போட்டவை பெரும்பாலும் பழைய, விலையில்லாத பொருள்கள். செலவானது பணத்தைவிட யோசனைதான். தோட்டத்து வீட்டுக்கான அரங்கத்தில் பரணில் இருக்கும் தகரப் பெட்டிக்குள் பழைய பள்ளிச் சான்றிதழையும், சம்பளச் சீட்டையும், ஓரம் மடங்கிய கல்யாணப் பத்திரிகையையும் போட்டு வைக்க எத்தனை ரிங்கிட் ஆகும்? நடிகர் அந்தப் பெட்டியைத் திறப்பாரா மாட்டாரா என்பது வேறு. திறந்தால் வெறும் காற்று இருக்காது என்ற நம்பிக்கையோடு அந்த அறைக்குள் நடமாடுவார்.

இந்த வட்டுகளுள் தலையாயது என்று நான் கருதுவது 'டேஸ் ஆஃப் ஹெவன்'. மாலிக் இயக்கி 1978-இல் வெளியான, 94 நிமிடமே ஓடும் இந்தப் படம், 1916-ஆம் ஆண்டு டெக்சஸ் மாநிலத்தின் கோதுமை வயல் ஒன்றில் கூலிக்கு அறுவடை செய்ய வரும் ஏழைகளின் கதை. படம்பிடித்ததோ கனடாவின் ஆல்பெர்ட்டா மாநிலத்தில். எல்லையற்ற வயலின் நடுவே தன்னந்தனியாக நிற்கும் பண்ணையாரின் மாளிகைதான் படத்தின் அச்சாணி. வழக்கப்படி பார்த்தால் வெளித்தோற்றத்தை மட்டும் வயலில் நிறுத்திவிட்டு, உள் அறைகளை ஸ்டூடியோவில் அமைத்திருக்க வேண்டும். ஃபிஸ்க் அந்த மாளிகையைப் பிளைவுட்டால் வயலிலேயே கட்டினார். உள்ளும் புறமும் முழுமையாக, அந்தக் காலத்து அடர்ந்த பழுப்பு நிறங்களோடும் மர வேலைப்பாட்டோடும் கட்டினார். பிளைவுட் என்பதைக் கவனிக்க வேண்டும். நாமும் அதே பலகையைத்தான் பயன்படுத்துகிறோம்.

அப்படிக் கட்டியதால் விளைந்த பயன் படம் முழுக்கத் தெரிகிறது. வீட்டுக்குள் நிற்பவர் சன்னல் வழியே பார்த்தால் தெரிவது உண்மையான வயல். வயலில் நிற்பவர் அந்தி நேரத்தில் திரும்பிப் பார்த்தால் விளக்கெரியும் அறை உண்மையான அறை. ஒளிப்பதிவாளர் நெஸ்டர் அல்மெந்த்ரோஸ் பல காட்சிகளைச் சூரியன் மறைந்த பிறகு எஞ்சியிருக்கும் சிறிது நேர வெளிச்சத்தில் எடுத்தவர். அவருக்கு ஆஸ்கர் விருதும் இந்தப் படத்துக்காகவே கிடைத்தது. அந்தச் சில நிமிடங்களுக்குள் கேமராவை உள்ளேயும் வெளியேயும் எந்தப் பக்கம் வேண்டுமானாலும் திருப்பக்கூடிய வீடு ஒன்று அங்கே இருந்திராவிட்டால், அந்த ஒளிப்பதிவு பாதியாகக் குறைந்திருக்கும் என்று துணிந்து சொல்வேன். ஒளிப்பதிவைப் பற்றி எழுதாதவர் இல்லை. வீட்டைப் பற்றி எழுதுபவர் குறைவு. எட்வர்ட் ஹாப்பர் 1925-இல் வரைந்த, இருப்புப்பாதையோரம் நிற்கும் தனி வீட்டின் ஓவியத்தோடு இந்த மாளிகையைப் பலரும் ஒப்பிடுவதுண்டு. ஓவியக் கல்லூரியில் பயின்றவரின் வேலை என்பதால் அது வியப்பளிக்கவில்லை.

இந்தப் பதிப்பின் கருத்துரை ஒலித்தடத்தில் ஃபிஸ்க்குடன் படத்தொகுப்பாளர் பில்லி வெபர், உடை வடிவமைப்பாளர் பாட்ரீஷியா நோரிஸ், நடிகர் தேர்வாளர் டயான் கிரிட்டெண்டன் ஆகியோர் பேசுகிறார்கள். நடிகரோ இயக்குநரோ இல்லாமல், திரைக்குப் பின்னால் வேலை செய்தவர்கள் மட்டும் ஒரு படத்தை விளக்கும் இத்தகைய ஒலித்தடங்கள் அரியவை. படத்தை ஒருமுறை கருத்துரை இல்லாமல் பார்த்துவிட்டு, பிறகு கருத்துரையோடு, தேவைப்பட்ட இடத்தில் நிறுத்தி நிறுத்திப் பார்ப்பது நல்லது. நிறுத்திப் பார்க்கும்போதுதான் வட்டின் அருமை தெரிகிறது. இணையம் வழியே ஓடும் படத்தை நிறுத்தினால் பெரும்பாலும் மரச்சட்டத்தின் மூலைகள் குழம்பிப்போய்விடும், இதிலோ தூண்களின் வண்ணம் எங்கே வெளுத்திருக்கிறது என்பதுவரை கண்ணுக்குத் தெளிவாகத் தெரிகிறது.

இனி அவர் நடித்த கதைக்கு வரலாம். 'இரேசர்ஹெட்' வட்டைப் போட்டவுடன் முதல் நிமிடங்களிலேயே தோன்றும் முகம் ஃபிஸ்க்குடையது. கோளத்தின் உள்ளே, உடைந்த சன்னல் ஓரம் உட்கார்ந்து, புண்ணும் தழும்புமான உடலோடு நெம்புகோல்களை இழுக்கும் அந்த மனிதருக்கு வசனம் கிடையாது. ஒப்பனை அவருடைய சொந்த முகத்தையும் பெரும்பகுதி மறைத்துவிடுகிறது. படத்தின் தொடக்கத்திலும் முடிவிலும் சிறிது நேரமே வருகிறார். ஆயினும் அந்த உலகத்தை இயக்கும் விசை யாருடைய கையில் இருக்கிறது என்ற எண்ணத்தைப் பார்ப்பவர் மனத்தில் ஊன்றிவிடுவது அவருடைய தோற்றமே. அரங்கம் கட்டுபவரையே உலகத்தின் பின்னால் அமர்ந்து விசையை இழுப்பவராக லின்ச் நடிக்க வைத்தது தற்செயலா, குறும்பா என்று யோசித்துக்கொண்டிருக்கலாம். குறும்பு என்பது என் ஊகம். தமிழ்ப் பட ரசிகர்களுக்கு 'எந்திரன்' படத்தின் கலை இயக்குநர் சாபு சிரில் அதே படத்தில் ஒரு சிறு வேடத்தில் வந்துபோனது நினைவிருக்கும். அது கதைக்குள் வரும் சாதாரண மனிதரின் வேடம். ஃபிஸ்க்கின் வேடமோ நடிப்பைவிடச் சிற்பத்துக்கு நெருக்கமானது: அவர் அசையும் அரங்கப் பொருளாகவே அங்கே அமர்ந்திருக்கிறார்.

1972-இல் தொடங்கிய அந்தப் படப்பிடிப்பு பணமின்றி நின்று நின்று நடந்து, படம் 1977-இல்தான் திரைக்கு வந்தது. இடையில் ஃபிஸ்க்கும் ஸ்பேசெக்கும் தங்கள் சம்பாத்தியத்திலிருந்து லின்ச்சுக்குப் பண உதவி செய்தார்கள். 2014-இல் வெளியான கிரைட்டீரியன் பதிப்பில் லின்ச்சின் தொடக்ககாலக் குறும்படங்களும் சேர்க்கப்பட்டிருப்பதைக் குறிப்பிட்டுச் சொல்ல வேண்டும். அவற்றுள் 1967-ஆம் ஆண்டைச் சேர்ந்த 'சிக்ஸ் மென் கெட்டிங் சிக்' என்ற ஓவிய அசைவுப்படத்தில், திரையிலிருந்து புடைத்துக்கொண்டு நிற்கும் தலைகள் லின்ச்சின் தலையை வைத்து வார்க்கப்பட்டவை, வார்த்துக்கொடுத்தவர் ஃபிஸ்க். ஒரே வட்டில் அவர் கையால் செய்த தலைகளும் அவருடைய சொந்த முகமும் கிடைக்கின்றன. இவ்வளவு இருந்தும், இந்தப் பதிப்புக்கென 2014-இல் எடுக்கப்பட்ட நேர்காணல்களில் ஃபிஸ்க் இடம்பெறவில்லை. நடித்தவரும் உதவியவரும் மைத்துனருமான ஒருவரை விட்டுவிட்டுத் தயாரித்த இணைப்பு எனக்கு அரைகுறையாகவே படுகிறது. நடிகர் ஃபிஸ்க்கைப் பார்க்க விரும்புபவர் இதை வாங்கியே ஆக வேண்டும். அவர் பேசுவதைக் கேட்க விரும்புபவர் வேறு வட்டுக்குப் போக வேண்டும்.

இயக்குநர் பிரையன் டி பால்மாவுக்காக 1974-இல் 'ஃபேண்டம் ஆஃப் தி பாரடைஸ்', 1976-இல் 'கேரி' ஆகிய படங்களில் அவர் செய்த வேலை வேறு ரகம். அதிலும் முதல் படத்தில் ஸ்பேசெக் கணவரின் கீழ் அரங்கப் பொருள்களை ஒழுங்குபடுத்தும் பணியைச் செய்தார் என்பது சுவையான செய்தி. 1981-இல் 'ரேகெடி மேன்' என்ற படத்தைத் தாமே இயக்கி, அடுத்த பத்தாண்டுகளில் மேலும் சில படங்களை இயக்கினார். இயக்குநராக அவர் பெரிய பெயர் எடுக்கவில்லை. மாலிக் இருபது ஆண்டு இடைவெளிக்குப் பிறகு 'தி தின் ரெட் லைன்' படத்தை எடுக்கக் கிளம்பியபோது ஃபிஸ்க்கும் தம் பழைய தொழிலுக்குத் திரும்பினார்.

1998-இல் வெளியான அந்தப் போர்ப்படத்தின் வட்டில் ஒளிப்பதிவாளர் ஜான் டோல், தயாரிப்பாளர் கிராண்ட் ஹில் ஆகியோருடன் ஃபிஸ்க் கருத்துரை வழங்குகிறார். குவாடல்கனல் தீவில் 1942-இல் நடந்த சண்டையை ஆஸ்திரேலியாவின் குவீன்ஸ்லாந்திலும் சாலமன் தீவுகளிலும் படமாக்கினார்கள். பதுங்குகுழிகளும் புல்வெளியும் நிறைந்த படத்தில் வடிவமைப்பாளரின் கை எங்கே இருக்கிறது என்று தேடுவதே ஒரு பயிற்சி. வட்டு தொடங்கும்போது, படத்தை உரத்த ஒலியில் ஓடவிடும்படி ஒரு குறிப்பு வருகிறது. அடுக்குமாடியில் குடியிருப்பவர்கள் அந்தக் குறிப்பைப் பின்பற்றுவதற்கு முன் பக்கத்து வீட்டாரோடு தங்களுக்குள்ள உறவை ஒருமுறை நினைத்துப் பார்ப்பது நலம்.

அளவிலும் செறிவிலும் மிகப் பெரியது 'தி நியூ வேர்ல்ட்' பதிப்பு. 2005-இல் வெளியான இந்தப் படம், 1607-இல் வர்ஜீனியாவில் ஆங்கிலேயர் நிறுவிய ஜேம்ஸ்டவுன் குடியேற்றத்தைப் பற்றியது. கிரைட்டீரியன் 2016-இல் வெளியிட்ட தொகுப்பில் 135, 150, 172 நிமிடங்கள் ஓடும் மூன்று வடிவங்களும் தரப்பட்டிருக்கின்றன. அசல் குடியேற்றம் இருந்த பகுதிக்கு அண்மையிலேயே, சிக்கஹாமினி ஆற்றங்கரையில் ஃபிஸ்க் கோட்டையையும் பூர்வகுடி மக்களின் ஊரையும் கட்டியெழுப்பினார். அந்தக் கோட்டைக்குள் மழை பெய்கிறது, சேறு கணுக்கால்வரை ஏறுகிறது, வேலியின் மரங்கள் சாய்கின்றன. குடியேறியவர்களின் பசியும் சோர்வும் வசனத்தில் வருவதற்கு முன்பே கட்டடங்களில் வந்துவிடுகின்றன. எதிரில் பூர்வகுடிகளின் ஊரோ காட்டோடு காடாக இழைந்து கிடக்கிறது. இந்த இரண்டு ஊர்களையும் அடுத்தடுத்துக் காட்டுவதே படத்தின் வாதம். அந்த வாதத்தில் பாதியை எழுதியவர் வடிவமைப்பாளர் என்று சொல்வதில் மிகையில்லை.

இந்தத் தொகுப்பில் ஃபிஸ்க், உடை வடிவமைப்பாளர் ஜாக்குலின் வெஸ்ட், தயாரிப்பாளர் சாரா கிரீன் ஆகியோர் பேசும் நிகழ்ச்சி ஒன்று உண்டு. அதைவிட எனக்குப் பயன்பட்டது படப்பிடிப்பின்போதே எடுக்கப்பட்ட ஆவணப்படம். அதை இயக்கியவர் ஆஸ்டின் ஜேக் லின்ச். டேவிட் லின்ச்சுக்கும் மேரிக்கும் பிறந்தவர், அதாவது ஃபிஸ்க்கின் தங்கை மகன். தாய்மாமன் வேலை செய்யும் இடத்தில் மருமகன் கேமராவோடு நிற்கிறார் என்றால், வெளியாருக்குக் கிடைக்காத நெருக்கம் கிடைப்பது இயல்பு. விளம்பரத்துக்காக எடுக்கப்படும் வழக்கமான தயாரிப்புக் காட்சிகளில் எல்லாரும் சிரித்துக்கொண்டிருப்பார்கள். இதில் வேலை நடக்கிறது. அரங்கத் தொழிலில் இருப்பவர்கள் 172 நிமிட வடிவத்தைத் தேர்ந்துகொள்ளலாம். பொதுவான பார்வையாளருக்கு 135 நிமிட வடிவமே போதும்.

'மல்ஹாலண்ட் டிரைவ்' வட்டைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. தொலைக்காட்சிக்கெனத் தொடங்கி, நிராகரிக்கப்பட்டு, 2001-இல் முழுப் படமாக உருமாறிய இதில் ஃபிஸ்க் தம் பழைய நண்பருக்காக வேலை செய்தார். 2005-இல் எடுக்கப்பட்ட அவருடைய நேர்காணல் வட்டில் இருக்கிறது. படம் பெரியது, ஆனால் இந்த மதிப்பீட்டின் அளவுகோலில் வட்டு சிறியது.

கிரைட்டீரியன் பட்டியலில் இல்லாவிட்டாலும், 2007-இல் வெளியான 'தேர் வில் பீ ப்ளட்' படத்தின் புளூ-ரேயைச் சேர்க்காமல் இந்த வரிசை நிறைவு பெறாது. பாரமவுண்ட் வெளியிட்ட அந்த வட்டின் இணைப்புகள் மிகக் குறைவு. ஆனால் அவற்றுள் ஒன்று, பழைய எண்ணெய் வயல்களின் புகைப்படங்களையும் படத்தின் காட்சிகளையும் அருகருகே வைத்துக் காட்டும் பதினைந்து நிமிடத் தொகுப்பு. யாரும் எதையும் விளக்குவதில்லை. ஒரு பழைய புகைப்படத்தில் தொழிலாளி தொப்பியைச் சாய்த்து வைத்திருக்கும் விதம், மரக் கோபுரத்தின் குறுக்குச் சட்டங்கள், எண்ணெய்ச் சேற்றில் பதித்த பலகைப் பாதை ஆகியவை படத்துக்குள் எப்படி வந்து சேர்ந்தன என்பதைக் கண்ணே கண்டுகொள்கிறது. ஆராய்ச்சிக்கும் அரங்கத்துக்கும் உள்ள தொடர்பை மாணவர்களுக்குக் கற்பிக்க இதைவிடச் சுருக்கமான பாடம் எனக்குத் தெரியவில்லை. டெக்சஸின் மார்ஃபா நகருக்கு அருகே ஃபிஸ்க் கட்டிய அந்த எண்ணெய்க் கோபுரம் படத்துக்காகக் கொளுத்தப்பட்டபோது எழுந்த கரும்புகை, அதே பகுதியில் வேறொரு படத்தை எடுத்துக்கொண்டிருந்த இயக்குநர்கள் கோயன் சகோதரர்களின் ஒருநாள் படப்பிடிப்பை நிறுத்திவிட்டது.

அந்தப் படத்தின் இறுதிக் காட்சி நடக்கும் பந்து உருட்டும் கூடம், பெவர்லி ஹில்ஸில் எண்ணெய்ச் செல்வந்தர் டோஹனியின் குடும்பத்துக்காக 1928-இல் கட்டி முடிக்கப்பட்ட கிரேஸ்டோன் மாளிகையின் நிலவறையில் இருக்கிறது. படத்துக்காகவே அது புதுப்பிக்கப்பட்டது. அதற்கு முப்பது ஆண்டுகளுக்கு முன்பு 'இரேசர்ஹெட்'டின் பெரும்பகுதியை லின்ச் எடுத்ததும் அதே மாளிகை வளாகத்தின் குதிரை லாயங்களில்தான். அப்போது அங்கே அமெரிக்கத் திரைப்படக் கழகத்தின் பயிலகம் இயங்கிவந்தது. நண்பனின் படத்தில் ஒப்பனையோடு உட்கார்ந்த மனிதர், தம் முதல் ஆஸ்கர் பரிந்துரையைப் பெற்றுத்தந்த படத்துக்காக மீண்டும் அந்த வளாகத்தில் வேலை செய்திருக்கிறார். இரண்டு வட்டுகளையும் அடுத்தடுத்த இரவுகளில் பார்ப்பவர்களுக்கு இந்தத் தகவல் கூடுதல் சுவை தரும். வட்டுகளில் எதுவும் இதைச் சுட்டிக்காட்டுவதில்லை.

2015-இல் வெளியான 'தி ரெவனன்ட்', 2023-இல் வெளியான 'கில்லர்ஸ் ஆஃப் தி ஃபிளவர் மூன்' ஆகியவற்றுக்கும் அவருடைய பெயர் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டது. பின்னதற்காக ஓக்லஹோமாவின் பாஹஸ்கா நகர வீதியை 1920-களின் ஊராக மாற்றியவர் அவர். எழுபது வயதைக் கடந்த பிறகு செய்த வேலை இது. இவற்றை நம்மூரில் கட்டணச் சேவைகள் வழியே பார்ப்பதே எளிய வழி. படம் கிடைக்கும், விளக்கம் கிடைக்காது. ஒரு கலைஞரின் அண்மைக்கால வேலையைப் பற்றி அறிய வட்டு வாங்கும் வழக்கம் ஒழிந்துகொண்டிருப்பதன் விளைவுகளுள் இதுவும் ஒன்று.

பொருளின் தரத்தைப் பொறுத்தவரை குறை சொல்ல அதிகமில்லை. அச்சு தெளிவு, படப் பரிமாற்றம் சிறப்பு, கட்டுரைகள் அடங்கிய சிற்றேடுகள் படிக்கத் தக்கவை. ஆனால் நம் ஊரின் ஈரப்பதத்தில் தாள் இணைப்புகளில் விரைவில் பூஞ்சை பிடிக்கும் என்பதால், மூடிய அலமாரியில் ஈரம் உறிஞ்சும் பொட்டலம் ஒன்றைப் போட்டு வைப்பது நல்லது.

பணம் ஒரே ஒரு வட்டுக்குத்தான் இருக்கிறது என்றால் 'டேஸ் ஆஃப் ஹெவன்' வாங்கலாம். அரங்கத் தொழிலில் இருப்பவர்களோ, பயில்பவர்களோ இரண்டாவதாக 'தி நியூ வேர்ல்ட்' தொகுப்பையும், கையில் மிச்சமிருந்தால் 'தேர் வில் பீ ப்ளட்' வட்டையும் வாங்கலாம். பின்னது பெரும்பாலும் மலிவாகவே கிடைக்கிறது. 'பேட்லேண்ட்ஸ்' நடிகர்களுக்கு ஏற்றது. நடிகர் ஃபிஸ்க்கைக் காண்பதற்காக 'இரேசர்ஹெட்' வாங்குபவர்கள், அதை இரவு உணவுக்குப் பிறகு குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்கக்கூடிய படம் என்று எண்ணிவிட வேண்டாம். 'மல்ஹாலண்ட் டிரைவ்', 'தி தின் ரெட் லைன்' இரண்டையும் தள்ளுபடி வரும்வரை காத்திருந்து வாங்கினால் போதும்.